பதில் இல்லை என்று தட்டச்சு செய்தவள்

1983ஆம் ஆண்டு ஒக்ரோபர் மாதம், ஒரு ஞாயிற்றுக்கிழமை பின்னேரம், றோசலின் தன் தாயின் சாப்பாட்டு மேசையில், பேச்சைப் பதிவுசெய்கிற ஒரு ரேப் ரெக்கோடரைக் கொண்டுபோய் வைத்தாள். "இன்றைக்கு நீ சொல்லித்தான் ஆகவேண்டும், அம்மா" என்றாள். பெய்லா அந்தப் பெட்டியைப் பார்த்தாள், மகளைப் பார்த்தாள், பிறகு எழுந்து போய்த் தேநீருக்குத் தண்ணீர் வைத்தாள். தாய் பிடிவாதக்காரி. மகளும் அதில் இளைத்தவள் அல்ல. தண்ணீர் கொதிக்கும்வரை பொறுத்திருந்து பொத்தானை அழுத்தினாள்.

அவர்கள் யூதர்கள். பெய்லாவுக்குப் போருக்கு முன்னால் போலந்தில் ஒரு கணவன் இருந்தான், ரோய்சா என்றொரு மகள் இருந்தாள். 1942 செப்டெம்பரில் அவர்கள் இருந்த நகரத்துச் சின்னப் பிள்ளைகளை எல்லாம் ஜெர்மன் படையினர் வண்டிகளில் ஏற்றிக்கொண்டு போனார்கள். ரோய்சாவுக்கு அப்போது நான்கு வயது. கணவனும் பிழைக்கவில்லை. போர் முடிந்து, அகதி முகாமில் சந்தித்த தையற்காரர் ஒருவரை மணந்து, அங்கேயே 1948இல் இன்னொரு பெண்ணைப் பெற்றாள் பெய்லா. இறந்துபோனவரின் பெயரைப் பிறக்கிற பிள்ளைக்கு வைப்பது அவர்களுடைய வழக்கம். அதன்படி இவளும் ரோய்சா. ரொறன்ரோவுக்கு வந்து பள்ளிக்கூடத்தில் சேர்த்தபோது அந்தப் பெயரைச் சற்றுச் சீவிச் சிங்காரித்து றோசலின் ஆக்கினார்கள்.

இந்தக் கதையைத் தாய் சொல்லவில்லை. றோசலினுக்குப் பதின்மூன்று வயதில், ஒரு கல்யாண வீட்டில், தூரத்து அத்தை ஒருத்தி கேக்கைத் தின்றுகொண்டே, "நீ இரண்டாவது ரோய்சா அல்லவா?" என்று கேட்டுவிட்டாள். அன்றைக்கு வீட்டுக்கு ஓடிவந்து, "முதலாவது யார்?" என்று தாயிடம் கேட்டாள். பெய்லா தண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டுப் பாத்திரம் கழுவத் தொடங்கினாள். பாத்திரங்கள் எல்லாம் ஏற்கெனவே கழுவி வைத்தவை.

அன்று தொடங்கிய கேள்வி அவளை விடவில்லை. யாருடைய பெயரில் நான் நடமாடுகிறேன்? அந்தப் பிள்ளை என்ன நிறம், எப்படிச் சிரிக்கும், இடது கையா வலது கையா? தான் பிறவாத காலத்தின் பயம் அவளுக்குள் எப்படியோ புகுந்திருந்தது. காலில் மாட்டிக்கொண்டு ஓட வசதியாகக் கட்டிலுக்குப் பக்கத்தில் சப்பாத்தை வைத்துக்கொண்டுதான் படுப்பாள். எந்தக் கட்டடத்துக்குள் போனாலும் பின்கதவு எங்கே என்று முதலில் பார்த்துக்கொள்வாள். கலியாணம் செய்தாள், அது மூன்று வருடம் நின்றது. எழுத்து மட்டும் நின்றுபிடித்தது. சிறு சஞ்சிகைகளில் நான்கு கதைகள் வந்திருந்தன. தன் இனத்துப் பெரியவர்கள் சிலர், "நீ அங்கே இருக்கவில்லை, உனக்கு என்ன உரிமை?" என்று கேட்டார்கள். "அங்கே இருக்கவில்லை. ஆனால் அது என் வீட்டில் இருந்தது" என்று அவள் முகத்துக்கு நேரே சொன்னாள். அதற்குப் பிறகு விருந்துகளுக்கு அவளைக் கூப்பிடுவது குறைந்துபோயிற்று. அவளும் அதற்காக மெலிந்துவிடவில்லை.

ரேப் ரெக்கோடரில் இரண்டு கசெற்றுகள் நிரம்பின. மகளின் கேள்விகள் நாற்பத்தொன்று. மீதி முழுக்கக் குளிர்சாதனப் பெட்டியின் இரைச்சல். பெய்லா எழுந்தாள், இருந்தாள், தேநீர் ஊற்றினாள். மேசையைச் சுற்றிப் போகும்போதெல்லாம் வழக்கம்போல அதன் மூலையை உள்ளங்கையால் பொத்திக்கொண்டு போனாள். அந்தப் பழக்கம் அவளுக்கு எப்போதும் உண்டு. றோசலின் சின்ன வயதில் அதைப் பார்த்துச் சிரித்திருக்கிறாள். வளர்ந்தபிறகு அது கண்ணில் படுவதே இல்லை.

றோசலினின் பிழைப்புத் தட்டச்சு. நகரத்தின் நடுவில் ஓர் அலுவலகத்தில், காதில் ஹெட்போன், காலடியில் ஒலிநாடாவை ஓட்டி நிறுத்தும் பெடல், முன்னால் மின்சாரத் தட்டச்சு இயந்திரம். கனடாவுக்கு வந்து அகதி என்று சொல்பவர்களை ஓர் அதிகாரி சத்தியம் வாங்கி விசாரிப்பார். பக்கத்தில் ஒரு வழக்கறிஞரும் மொழிபெயர்ப்பாளரும் இருப்பார்கள். எல்லாம் நாடாவில் பதியப்படும். அந்த நாடாவைக் கேட்டு எழுத்தில் இறக்குவது றோசலினின் வேலை. அவள் அடித்த தாள்கள் ஒட்டாவாவுக்குப் போகும். அங்கே இருக்கிற கனவான்கள் அந்த மனிதரின் முகத்தைப் பார்க்காமலே, தாளைப் பார்த்து, இவர் இருக்கலாமா போகவேண்டுமா என்று யோசிப்பார்கள்.

தட்டச்சுக்கு விதிகள் உண்டு. கேட்டதைக் கேட்டபடி அடிக்கவேண்டும். அழுகைக்கு இடமில்லை, பெருமூச்சுக்கு இடமில்லை. கேள்விக்குப் பிறகு குரல் கேட்காவிட்டால் அடைப்புக்குறிக்குள் "பதில் இல்லை" என்று அடிக்கவேண்டும். கடைசிப் பக்கத்தில், இது உண்மையான முழுமையான பிரதி என்று தட்டச்சு செய்தவரே கையெழுத்து வைக்கவேண்டும்.

தாயின் கசெற்றுகளையும் றோசலின் அதே முறையில் அடித்துப் பார்த்தாள். நாற்பத்தொரு கேள்விகளில் முப்பத்தெட்டுக்குப் "பதில் இல்லை." இதுவல்லவா அத்தியாயம்! ஒரு சொல்லையும் மாற்றாமல் தான் எழுதிக்கொண்டிருந்த புத்தகத்தின் நடுவில் வைத்தாள். பெயர் பெற்ற ஒரு பதிப்பகத்தின் பதிப்பாசிரியை அதைப் படித்துவிட்டுத் தொலைபேசியில் மூச்சுவிடாமல் பேசினாள். புத்தகத்துக்கே "பதில் இல்லை" என்று பெயர் வைக்கலாம் என்றாள். பத்து வருடம் கதவைத் தட்டியவளுக்குக் கதவு திறந்துவிட்டது.

சும்மா சொல்லக்கூடாது, றோசலின் அன்றைக்குத் தன் தாயின் வாயடைப்பை வைத்து நன்றாகத்தான் சந்தோசப்பட்டாள். இதை அவளே பிறகு சொல்லி வெட்கப்பட்டிருக்கிறாள்.

1984 தொடங்கி அவளுடைய ஹெட்போனுக்குள் நம்முடைய ஆட்களின் குரல்கள் வரத் தொடங்கின. 83 யூலையில் கொழும்பில் நடந்ததை இங்கே விபரிக்க வேண்டியதில்லை. அதை விபரி, இன்னொரு தரம் விபரி, திகதியோடு விபரி என்று கேட்பதற்கென்றே அந்த அதிகாரிகள் சம்பளம் வாங்கிக்கொண்டிருந்தார்கள். றோசலினுக்குத் தமிழில் ஒரு சொல்லும் தெரியாது. ஆனால் எந்த இடத்தில் குரல் இறங்கும் என்பது தெரிந்துவிட்டது. அருள்நாயகம் என்ற மொழிபெயர்ப்பாளரின் குரலும் நன்றாகப் பழகிவிட்டது. அவர் ஊரில் பள்ளிக்கூட ஆசிரியராக இருந்தவர். ஆங்கிலத்தை ஆணி அடித்ததுபோல அழுத்தமாகப் பேசுவார்.

1985 பெப்ரவரியில் ஒரு நாடா வந்தது. தொடக்கத்தில் வழக்கம்போலப் பெயரும் விலாசமும். யோகராணி குலசிங்கம், வயது இருபத்தொன்பது, சென் ஜேம்ஸ் ரவுண். கட்டட எண்ணைக் கேட்டதும் றோசலினின் கால் பெடலில் நின்றது. அவளும் அதே கட்டடத்தில்தான் குடியிருந்தாள். யோகராணி இரண்டு மாடி கீழே. வழக்குக்காரரோடு பேசக்கூடாது என்பது அலுவலகத்தின் விதி. பேசுகிற எண்ணமும் அவளுக்கு இல்லை.

யோகராணி முதலில் நன்றாகவே பேசினாள். கணவன் குலசிங்கம் கொழும்பில் ஒரு மொத்த வியாபாரக் கடையில் எழுத்தராக இருந்தவர். கலவரம் தொடங்கிய அந்தத் திங்கட்கிழமை காலை, கடைப் பூட்டின் திறப்பு தன்னிடம் இருக்கிறது என்று சொல்லிப் புறப்பட்டுப் போனார். தேநீரைப் பாதியில் வைத்துவிட்டுப் போனார். இதைச் சொன்னதோடு அவளுடைய குரல் நின்றுவிட்டது. அதற்குப் பிறகு நாடாவில் அதிகாரியின் குரலும், அருள்நாயகம் தமிழில் கேட்பதும், அவள் உட்கார்ந்திருந்த கதிரையின் முனகலும் மட்டுந்தான். றோசலின் இப்படி அடித்தாள்:

கேள்வி: அன்றோடு அவர் காணாமல் போனாரா?

(பதில் இல்லை)

கேள்வி: உங்கள் வீட்டுக்குத் தீ வைத்தார்களா?

(பதில் இல்லை)

கேள்வி: அப்போது நீங்கள் உள்ளே இருந்தீர்களா?

(பதில் இல்லை)

இப்படி ஏழு. ஏழாவது இது:

கேள்வி: உங்கள் நாட்டுக்குத் திரும்பிப் போக உங்களுக்குப் பயமா?

(பதில் இல்லை)

அதிகாரி, "சரி, மேலே போவோம்" என்றார். வழக்கறிஞர் ஏதோ தாளைப் புரட்டிக்கொண்டிருந்த சத்தம் கேட்டது. அகதி வழக்கில் மற்றக் கேள்விகள் எல்லாம் சுற்றிவளைப்பு. பயமா என்ற அந்த ஒரு கேள்விதான் வழக்கு. அதற்குப் பதில் இல்லை என்று தாளில் கிடந்தால், ஒட்டாவாவில் இருக்கிறவர் பேனாவை எடுத்துக் கோடு போட்டுவிடுவார். யோகராணி கொழும்புக்கு விமானம் ஏறவேண்டியதுதான். றோசலினுக்கு இது தெரியாமல் இல்லை. ஆனாலும், இவளும் என் அம்மாவின் சாதி என்று நினைத்துக்கொண்டு வியாழக்கிழமை அந்தத் தாள்களைக் கோப்பில் வைத்தாள். கையெழுத்துத் திங்கட்கிழமை வைத்தால் போதும்.

சனிக்கிழமை காலையில் றோசலின் துணி துவைப்பாள். சனிக்கிழமை ஓய்வுநாள் என்று ஒரு வேலையும் செய்யாத சனங்களுக்கு நடுவே வளர்ந்தவள் அவள். கடவுளோடு அவளுக்கு ஒரு வழக்கு இருந்தது. அவர் கண்முன்னாலேயே ஒவ்வொரு சனிக்கிழமையும் அழுக்குக் கூடையைத் தூக்கிக்கொண்டு கட்டடத்தின் நிலக்கீழ் மாடியில் உள்ள பொதுச் சலவை அறைக்குப் போவாள்.

அன்றைக்கு உலர்த்தும் இயந்திரங்கள் எல்லாம் ஓடிக்கொண்டிருந்தன. ஒன்று மட்டும் நின்றிருந்தது, உள்ளே துணி இருந்தது. பக்கத்தில் இரண்டு தமிழ்ப் பெண்கள். ஒருவர் ஐம்பது வயது மதிக்கத்தக்க குணவதி. அந்தக் கட்டடத்தில் எந்த வீட்டுக் குழாய் ஒழுகினாலும் சுப்பரின்ரெண்டனோடு சண்டை பிடிக்கப் போவது அவர்தான். மற்றவள் மெலிந்தவள், தலையைக் குனிந்து துவாய் மடித்துக்கொண்டிருந்தாள்.

"உங்கள் துணி காய்ந்துவிட்டதா? நான் இதை எடுக்கலாமா?" என்று றோசலின் அவளிடம் கேட்டாள்.

அவள் நிமிர்ந்து, தலையை ஒருபக்கம் மெல்லச் சரித்தாள். வாய் திறக்கவில்லை. றோசலின் ஈரத்துணிக் கூடையோடு காத்து நின்றாள். பதில் வரவில்லை. மறுபடி கேட்டாள். மறுபடி தலை சரிந்தது. மாட்டேன் என்கிறாளா, தெரியாது என்கிறாளா? றோசலின் மூன்றாம் தரம் கேட்டாள்.

"யோகராணி, உந்த மனுசிக்கு என்ன, காது கேக்காதோ?" என்ற குணவதி, றோசலினின் பக்கம் திரும்பித் தனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் பொரிந்தார். "ஓம் என்று சொல்லுகிறாள். எடு! எத்தனை தரம் சொல்லுவது?"

"அவள் ஒன்றும் சொல்லவில்லையே."

"சொன்னாள். மூன்று தரம் சொன்னாள். நீதான் பார்க்கவில்லை." குணவதி தன் தலையையும் அதேபோல ஒருபக்கம் சரித்துக் காட்டினார். "இது ஓம். எங்கள் நாட்டில் இது ஓம்."

யோகராணி என்ற பெயர் காதில் விழுந்தபோதே றோசலினுக்கு ஆள் யாரென்று தெரிந்துவிட்டது. இப்போது கூடையைத் தரையில் வைத்துவிட்டாள். கதிரையின் முனகல் அவளுக்கு மறுபடி கேட்டது. ஏழு கேள்வி, ஏழு முனகல். விதி கிடக்கட்டும் என்று முடிவு செய்தாள்.

"உங்கள் விசாரணையை நான்தான் தட்டச்சு செய்தேன்" என்றாள். "திரும்பிப் போகப் பயமா என்று கேட்டபோது நீங்கள் என்ன செய்தீர்கள்?"

குணவதி அதைத் தமிழில் சொன்னார். யோகராணியின் கையில் இருந்த துவாய் அப்படியே நின்றது. பிறகு, மிக மெதுவாக, அவள் தலையைச் சரித்தாள்.

"ஓம் எண்டு சொன்னனான் அன்ரி" என்றாள் குணவதியிடம். "தொண்டை அடைச்சுப்போச்சு. ஆனா எல்லாத்துக்கும் சொன்னனான்."

குணவதி உலர்ந்ததையும் உலராததையும் விட்டுவிட்டு, இருவரையும் எலிவேற்றரில் ஏற்றி நேரே அருள்நாயகத்தின் வீட்டுக் கதவைத் தட்டினார். அவர் அடுத்த கட்டடம். இடுப்பில் கட்டிய சாரத்தோடு வந்து கதவைத் திறந்தார்.

"மாஸ்டர், இந்தப் பிள்ளை தலையாட்டினது உங்களுக்குத் தெரிஞ்சதோ இல்லையோ?"

"ஏன் தெரியாம? நல்லாத் தெரிஞ்சது."

"அப்ப ஏன் அந்தத் துரைக்குச் சொல்லேல்லை?"

அருள்நாயகம் விழித்தார். "வாயால சொன்னதைத்தானே நான் மொழிபெயர்க்கிறது? அவ தலையாட்டினவ. துரை முன்னாலதானே இருந்தவர். தலையாட்டினா ஓம் எண்டு ஆருக்குத்தான் விளங்காது?" சொல்லச் சொல்லவே அவருடைய குரல் குறைந்தது. "ஐயோ" என்றார். "அவங்களுக்கு விளங்காது என்ன?"

அவரைக் குறை சொல்ல யாருக்கு வாய் இருக்கிறது? நமக்கெல்லாம் பிறந்ததிலிருந்து தெரிந்த சங்கதி. உலகம் முழுக்கத் தெரியும் என்றல்லவா நினைத்துக்கொண்டிருந்தோம். அதிகாரி தாளைப் பார்த்தார், வழக்கறிஞர் கோப்பைப் பார்த்தார். பார்த்த ஒரே ஆளுக்கு அது சொல்லவேண்டிய விசயமாகத் தோன்றவில்லை. கேட்ட ஒரே ஆள் பார்க்கவில்லை.

றோசலின் அன்றைக்கு ஈரத்துணியை ஈரமாகவே மேலே கொண்டுவந்தாள். இதற்கு முன் எத்தனை தமிழர்களின் தாள்களில் "பதில் இல்லை" அடித்திருக்கிறேன் என்று நினைவுபடுத்திப் பார்த்தாள். பதினொரு பெயர்கள் நினைவுக்கு வந்தன. நினைவுக்கு வராதவை எத்தனையோ. பிறந்ததிலிருந்து பயந்தவள் அவள், ஆனால் அன்றைக்கு அவளுக்கு வந்தது பயமல்ல, கோபம். தன்மேல்தான் முதலில்.

திங்கட்கிழமை காலை, ஏழு இடத்திலும் "பதில் இல்லை" என்பதை வெள்ளை மையால் அழித்து, "நாடாவில் குரல் இல்லை" என்று அடித்தாள். கடைசிப் பக்கத்தில் தன் கையெழுத்துக்கு மேலே இன்னொரு பந்தி சேர்த்தாள். "நான் இந்த விசாரணையைக் கேட்டேன், பார்க்கவில்லை. குரல் இல்லாத இடங்களில் சாட்சி பதில் சொல்லவில்லை என்று என்னால் சத்தியம் பண்ண முடியாது."

அலுவலக மேலாளர் கஸ்பர் அந்தப் பக்கத்தை இரண்டு தரம் படித்தார். அவர் கெட்ட மனிதரல்லர், படிவத்துக்குப் பயந்த மனிதர்.

"இந்தப் பந்தியை எடுத்துவிடு."

"எடுக்கமாட்டேன்."

"பத்து வருடமாக எல்லோரும் ஒரே மாதிரித்தான் கையெழுத்து வைக்கிறார்கள்."

"பத்து வருடமாக எல்லோரும் பொய்ச் சத்தியம் பண்ணியிருக்கிறோம். நானும்தான்."

"றோசலின், நீ எழுத்தாளர் என்று எனக்குத் தெரியும். உன் கதையை வீட்டில் எழுது. வழக்குக்காரியோடு பேசினாயா?"

"பேசினேன்."

"அதற்கே உன்னை நிறுத்தவேண்டும்."

"நிறுத்துங்கள். ஆனால் இது இப்படியேதான் போகும்."

பதினொரு மணிக்குத் தபால்பை எடுக்க வருகிற ஆள் வாசலில் நின்றார். றோசலின் கஸ்பரின் கையிலிருந்து தாள்களை வாங்கி, உறையில் இட்டு, ஒட்டி, பைக்குள் தன் கையாலேயே போட்டாள். கஸ்பர் தடுக்கலாம். அவர் வாயைத் திறந்தார், பிறகு யன்னல் பக்கம் பார்த்தார். அவள் மேற்சட்டையையும் மேசையில் இருந்த தேநீர்க் கோப்பையையும் எடுத்துக்கொண்டு படியிறங்கினாள். தொழில் போயிற்று. வீதிப் பனியில் நின்று ஒரு தரம் சத்தமாகச் சிரித்தாள்.

யோகராணியின் வழக்கறிஞர் அந்தப் பந்தியைப் பிடித்துக்கொண்டார். அருள்நாயகம் கோட்டும் கழுத்துப்பட்டியும் கட்டிப் போய், தான் கண்ணால் கண்டதைச் சத்தியக் கடதாசியில் எழுதிக் கொடுத்தார். யூன் மாதம் யோகராணியை மறுபடி விசாரித்தார்கள். இந்தத் தரம் அவள் தலையைச் சரித்த ஒவ்வொரு முறையும் அருள்நாயகம், "சாட்சி தலையசைக்கிறார், அதன் பொருள் ஆம்" என்று அறை அதிரச் சொன்னார். அடுத்த வருடம் அவளுக்குக் கனடாவில் இருக்கலாம் என்று கடிதம் வந்தது. மற்றப் பதினொரு பெயர்களையும் றோசலின் அந்த வழக்கறிஞரிடம் கொடுத்தாள். அவர்களில் நான்கு பேரின் கதைதான் அவளுக்குப் பிறகு தெரியவந்தது.

வேலை போன அதே வாரத்து ஞாயிற்றுக்கிழமை றோசலின் தாயின் வீட்டுக்குப் போனாள். அந்த நாட்களில் நகரத்து நீதிமன்றத்தில் ஒரு வழக்கு நடந்துகொண்டிருந்தது. யூதர்களை அப்படி யாரும் கொல்லவே இல்லை என்று அச்சடித்து விற்ற ஒருவன்மேல் வழக்கு. அங்கே சாட்சி சொல்லப் போன கிழவர்களைப் பார்த்து, நீ உன் கண்ணால் கண்டாயா என்று கேட்டார்கள். பெய்லா அதைத் தொலைக்காட்சியில் பார்த்துக்கொண்டிருந்தாள். மகள் உள்ளே வந்ததும் அதை நிறுத்திவிட்டாள்.

றோசலின் ரேப் ரெக்கோடரைக் கொண்டுவரவில்லை. கையில் பேனாவும் இல்லை. தாய்க்கு முன்னால் கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"அம்மா, நான் ஒரு கேள்விதான் கேட்கப்போகிறேன். நீ வாய் திறக்க வேண்டாம். நான் பார்த்துக்கொண்டிருக்கிறேன்."

பெய்லா தண்ணீர் வைக்க எழுந்தாள். மேசையைச் சுற்றி நடந்தாள்.

"ரோய்சா எவ்வளவு உயரம்?"

பெய்லாவின் உள்ளங்கை மேசையின் மூலையில் இருந்தது. எப்போதும் இருக்கிற இடந்தான். அது அங்கேயே நின்றது. றோசலின் அந்தக் கையைப் பார்த்தாள். முப்பத்தாறு வருடமாகப் பார்த்த கை. கூரான மூலை, ஓடித் திரிகிற ஒரு பிள்ளையின் நெற்றி, இடையில் ஒரு தாயின் உள்ளங்கை. றோசலினுக்கு அழுகை வந்தது. அவள் அதை அடக்கவில்லை.

பெய்லா மகளைப் பார்த்தாள். பிறகு கையை மூலையிலிருந்து மேலே எடுத்தாள். இரண்டு விரல் அளவு. அவ்வளவுதான். அந்த உயரத்தில் காற்றில் நிறுத்தி வைத்திருந்தாள்.

"இங்கேயா?"

பெய்லா கண்ணை மூடித் திறந்தாள். "அந்தக் கோடையில் வளர்ந்துவிட்டாள்" என்றாள். பிறகு தண்ணீர் வைக்கப் போனாள். அன்றைக்கு அதற்குமேல் ஒரு சொல்லும் இல்லை. ஆனால் றோசலின் அடுத்த ஞாயிறும் போனாள், அதற்கடுத்த ஞாயிறும் போனாள். காதைத் தீட்டிக்கொண்டு போவதை விட்டு, கண்ணைத் திறந்துகொண்டு போனாள்.

பதிப்பகத்து ஆசிரியைக்குத் தொலைபேசி எடுத்து, "பதில் இல்லை" அத்தியாயத்தை நீக்கிவிட்டேன் என்றாள்.

"அதுதானே புத்தகத்தின் உயிர்!"

"அது பொய். என் அம்மா நாற்பத்தொரு கேள்விக்கும் பதில் சொல்லியிருக்கிறாள். நான்தான் குளிர்சாதனப் பெட்டியைக் கேட்டுக்கொண்டு இருந்தேன்."

"றோசலின், வாசகர்கள் அந்த மௌனத்தைத்தான் விரும்புவார்கள்."

"விரும்பட்டும். நான் விற்கமாட்டேன்."

கதவு மறுபடி சாத்தப்பட்டது. அவள் ஒரு பல் வைத்தியரின் அலுவலகத்தில் கடிதங்கள் அடித்துக்கொண்டே, மூன்று வருடம் எடுத்து அந்த அத்தியாயத்தைப் புதிதாக எழுதினாள். கேள்வி ஒரு வரி. அடுத்த வரியில் தாயின் கை, தாயின் கண், தாய் எந்தப் பக்கம் திரும்பினாள் என்பது. 1988 இலையுதிர் காலத்தில் ஒரு சின்னப் பதிப்பகம் புத்தகத்தை வெளியிட்டது. பெய்லா அந்த அத்தியாயத்தை மட்டும் பூதக்கண்ணாடி வைத்துப் படித்தாள். புத்தகத்தை மூடித் தன் தலையணைக்குக் கீழே வைத்துக்கொண்டாள், திருப்பிக் கொடுக்கவில்லை.

நூலகத்தின் கீழ்மாடி அறையில் வாசிப்புக் கூட்டம். முப்பது பேர் இருப்பார்கள். மூன்றாவது வரிசையில் குணவதியும் யோகராணியும், சேலைக்கு மேலே குளிர்ச்சட்டையோடு. யோகராணி இப்போது ஒரு முதியோர் இல்லத்தில் வேலை செய்தாள். தாலியைக் கழற்றவில்லை, குலசிங்கத்தின் திதி எது என்று யாருக்கும் தெரியாததால் திதியும் செய்யவில்லை. அதைப்பற்றி யார் என்ன சொன்னாலும் அவளுக்குக் கவலையும் இல்லை.

றோசலின் வாசித்து முடித்தாள். பின்வரிசையில் ஒருவர் எழுந்தார். நல்ல உடுப்பு, மரியாதையான குரல்.

"நீங்கள் அப்போது பிறக்கவில்லை" என்றார். "அந்தப் பிள்ளையின் படம் இல்லை, பத்திரம் இல்லை. உங்கள் தாயாரும் வாய்திறந்து பெரிதாக ஒன்றும் சொல்லவில்லை என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அப்படி ஒரு பிள்ளை இருந்தது என்பதற்கு உங்களிடம் என்ன இருக்கிறது?"

அறையில் யாரோ கதிரையைப் பின்னால் தள்ளினார்கள். முன்வரிசைக் கிழவர் ஒருவர் எழப்பார்த்தார். றோசலின் அவரைப் பார்த்து, இருங்கள் என்று கையமர்த்தினாள். அவள் பின்கதவைத் தேடவில்லை. கேட்டவரைப் பார்த்தபடியே, முன்னால் இருந்த மேசையின் மூலையில் உள்ளங்கையை வைத்தாள். பிறகு இரண்டு விரல் அளவு உயர்த்தி அங்கேயே நிறுத்தினாள்.

அவர் அவளுடைய வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். "அப்படியென்றால் உங்களிடம் பதில் இல்லை" என்றார்.

யோகராணி எழுந்து நின்றாள். தலையை அசைக்கவில்லை. அத்தனை பேருக்கும் கேட்கும்படி முதலில் தமிழில்தான் வந்தது: "அவ சொல்லிப்போட்டா." பிறகு அவரை நேரே பார்த்து, முதியோர் இல்லத்தில் பழகிய ஆங்கிலத்தில், ஒவ்வொரு சொல்லாகச் சொன்னாள்.

"அவர் பதில் சொல்லிவிட்டார். நீங்கள் பார்க்கவில்லை. இப்போது பாருங்கள்."